வெள்ளை உடுத்தவள் எங்கே போனாள்?

அத்தியாயம் 11

மகளுக்குச் சம்மதம் என்று பத்மாவதி போனில் சொன்ன அந்த ஒரே ஒரு ‘ஓம்’ வியாழக்கிழமை சிட்னிக்குப் போனது. சனிக்கிழமை காலை அதே ‘ஓம்’ பிளேன் ஏறி, பச்சைப் பட்டும் கூலிங் கிளாஸுமாக ஆக்லாந்தில் வந்து இறங்கியது.

வந்தவள் சுந்தரி. மாப்பிள்ளை அனுஷனின் அம்மா. பின்னால் இரண்டு பெட்டிகளை இழுத்துக்கொண்டு அனுஷன்.

ஏர்போர்ட்டில் நின்ற பத்மாவதி வாயெல்லாம் பல்லாக வரவேற்றாள். “மூண்டு மணிக்கு ஹென்டர்சனில ஷோ. பிள்ளை மேடையில நிப்பாள். கோயிலில வச்சுப் பொம்பிளை பாக்கிற மாதிரித்தான். வடிவாப் பாக்கலாம்.”

“பிள்ளைக்கு நாங்கள் வாறது தெரியுமெல்லோ?” என்றாள் சுந்தரி.

“தெரியாமல் என்ன!”

தெரியாது. ஆக்லாந்தில் அது தெரியாத ஒரே ஆள் பத்மாவதியின் மகள் கம்சாயினிதான்.

மூன்று வாரத்துக்கு முன் அனுஷனின் போட்டோவைக் காட்டி, “என்ன பிள்ளை சொல்லுறாய்?” என்று அம்மா கேட்டபோது அவள் வாயே திறக்கவில்லை. வாய் திறக்காததைத்தான் பத்மாவதி ‘ஓம்’ என்று மொழிபெயர்த்து சிட்னிக்கு அனுப்பியிருந்தாள்.

அந்த நேரத்தில் கம்சாயினி ஹென்டர்சன் ஹாலில், புரொஜெக்டர் வயரோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தாள்.

ஆக்லாந்தின் விரி தொழிற்பேட்டையில், பழைய ஃபிலிம்களைக் கம்ப்யூட்டருக்கு மாற்றிக் கொடுக்கும் ஒரு சின்னக் கம்பெனியில் அவளுக்கு வேலை. இரண்டு மாதத்துக்கு முன், த்ரீ கிங்ஸ் பகுதியில் விலைக்குப் போன ஒரு வீட்டிலிருந்து துருப்பிடித்த நான்கு தகர டப்பாக்கள் வந்தன. திறந்தால், ஏறக்குறைய நூறு வருடப் பழசான ஜப்பானிய ஊமைப்படம். பெயர் இல்லை. டப்பா மேல் நம்பர் இல்லை. பேச்சு இல்லை, எழுத்தும் இல்லை. ஒரு இளம்பெண், அவளுக்கு வரன் பார்க்கும் ஒரு தாய், அவ்வளவுதான்.

அந்தக் காலத்து ஜப்பானில் படத்துக்கு எழுத்து தேவைப்படவில்லை. திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று, எல்லாப் பாத்திரத்துக்கும் தானே குரல் கொடுத்துக் கதை சொல்லிவிடுவார். பென்ஷி என்று பெயர். இந்தப் படத்துக்குக் கதை சொன்னவரின் தாள்கள் எப்போதோ மண்ணாகிவிட்டன. ஆகவே அந்தப் பெண்ணுக்கு ஃபூமி என்று பெயர் வைத்து, கதையைத் தானே எழுதி, தமிழில் பென்ஷியாக நிற்கப்போகிறாள் கம்சாயினி. டிக்கெட் நூற்று எண்பது. மிச்சமில்லை.

மணி பன்னிரண்டு நாற்பது. கடைசி ஒத்திகை.

கீபோர்டில் அன்னம்மா. மலேசியாவில் கிள்ளானில் பிறந்தவள். ஞாயிறு தவறாமல் இங்கே சர்ச்சில் வாசிக்கிறவள். படத்துக்கு இசை அவள் பொறுப்பு.

“இது நெஜப் பொண்ணா, இல்ல ஆம்பளையா?” திரையைப் பார்த்துக் கேட்டாள் அன்னம்மா. “அன்னிக்கு என்னவோ சொன்னியே.”

“இது உண்மையான பொம்பிளைதான் ஆன்ட்டி. இதுக்குக் கொஞ்ச வருசம் முந்தி வரைக்கும் அங்க ஆம்பிளையள்தான் பொம்பிளை வேசம் போட்டவையள்.”

“கதை சொல்றவங்களும் ஆம்பளைதானே?”

“கனபேர்.”

“நடிக்கிறவனும் ஆம்பளை, பேசுறவனும் ஆம்பளை. அப்ப பொண்ணுங்க எங்கதான் இருந்தாங்க?”

“டிக்கெட் வாங்கிக்கொண்டு முன் வரிசையில.”

அன்னம்மா உடம்பு குலுங்கச் சிரித்தாள். நான்காவது பாகம் ஓட ஆரம்பித்தது.

ஃபூமியைச் சுற்றி நான்கைந்து பெண்கள். தலை முதல் கால் வரை அவளுக்கு வெள்ளை உடுத்துகிறார்கள். தலையில் வெள்ளை முக்காடு. ஓரமாகத் தாய் அழுகிறாள். வாசலில் ஃபூமி தரையில் கைவைத்துப் பெற்றோரை வணங்குகிறாள். ரிக்ஷாவில் ஏறுகிறாள். அதற்குப் பிறகு ஃபிலிம் அரித்துப் போய்விட்டது.

“இதில நல்லா சோகமா வாசிக்க வேணும் ஆன்ட்டி. இதோட படம் முடியுது. புருசன் செத்திட்டான். வெள்ளை உடுத்தி அவளை ஒதுக்கி வைக்கினம்.”

அன்னம்மாவின் விரல்கள் நின்றன.

“யாரு செத்தது?”

“புருசன்.”

“அலாமக்! கல்யாணப் பொண்ணு லா இது!”

“என்ன ஆன்ட்டி, வெள்ளை உடுத்தியிருக்கிறாள்.”

“எங்க வீட்டுல மூணு பொண்ணு. மூணும் வெள்ளை கவுன்லதான் சர்ச்சுக்கு நடந்துச்சு. நானும் வெள்ளையிலதான் போனேன். எவன் செத்தான்? உங்க அங்கிள் இன்னும் குத்துக்கல்லாட்டம் இருக்காரு.”

“அது சர்ச். இது ஜப்பான்.”

“எந்த ஊரா இருந்தா என்னா? அந்தத் தலையப் பாரு. புருஷன் செத்தவளுக்கு யாராச்சும் ஒக்கார வச்சு இவ்ளோ பெரிய கொண்ட போட்டு, பூ ஊசி குத்துவாங்களா?”

கம்சாயினி படத்தை நிறுத்தினாள். முக்காட்டுக்கு அடியில், உயரத் தூக்கிக் கட்டிய கொண்டை. அதில் பூ வேலை செய்த ஊசிகள், வரிசையாக. நாற்பது தடவையாவது பார்த்த காட்சி. ஊசியை அவள் ஒரு தடவைகூடப் பார்க்கவில்லை. வெள்ளையை மட்டும்தான் பார்த்திருந்தாள்.

போனை எடுத்தாள். ‘ஜப்பான் மணப்பெண்’ என்று தேடினாள். திரை முழுக்க வெள்ளை. வெள்ளை முக்காடு, வெள்ளை அங்கி. கூச்சத்தோடு சிரிக்கும் புதுப்பெண்கள்.

போனைக் கவிழ்த்து வைத்தாள்.

யாராவது ஒரு ஜப்பானியரிடம் இதைக் காட்டியிருக்கலாம். கதை கிடைத்துவிட்ட மிதப்பில் காட்டத் தோன்றவில்லை.

“ஆன்ட்டி… மூண்டாவது பாகத்தை ஒருக்காப் போடுறன். பாருங்கோ.”

மூன்றாவது பாகத்தில் ஃபூமி ஓடுகிறாள். கறுப்பு மேலங்கியோடு, மழையில், பாலத்தைத் தாண்டி, ரயில் நிலையத்துக்கு. கல்யாணத்துக்குப் பயந்து ஓடுகிறாள், பிறகு பிடித்து இழுத்து வந்து கட்டிவைத்துவிடுகிறார்கள் என்று எழுதியிருந்தாள் கம்சாயினி.

“நிறுத்து!” அன்னம்மா எழுந்தே விட்டாள். “கழுத்தப் பாரு!”

கறுப்பு மேலங்கியின் கழுத்தோரம் ஒரு விரல் அகலத்துக்கு வெள்ளை எட்டிப்பார்த்தது. தலையில் அதே கொண்டை, அதே ஊசிகள். ஓடுகிற வேகத்தில் ஒன்று கழன்று தொங்கியது.

இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள்.

“உடுத்தினதுக்குப் பிறகுதான் ஓடியிருக்கிறாள்!” என்று கத்தினாள் கம்சாயினி.

“ரிக்ஷாவுல ஏறிப் போனவ, நடு வழியில எறங்கி ஓடிட்டா லா!”

“அப்ப இதுதான் கடைசிப் பாகம்! நம்பர் இல்லாத டப்பாவை நான்தான் மாறி அடுக்கிப்போட்டன்!”

“அவ கல்யாணமே பண்ணிக்கல!”

ஆளில்லாத ஹாலில் இரண்டு பேரும் கையைப் பிடித்துக்கொண்டு குதித்தார்கள். நூறு வருடத்துக்கு முந்திய ஒரு பெண் இப்போதுதான் தப்பித்த மாதிரி இருந்தது.

பிறகுதான் கம்சாயினியின் கண் மேசையில் கிடந்த தாள்களில் விழுந்தது. இருபத்திரண்டு பக்கம். அத்தனையும் பிழை.

மணி ஒன்று ஐந்து.

எழுதினாள். அடித்தாள். திரும்ப எழுதினாள். ஒன்றரை மணிக்கு நூற்றிருபது மட்டன் ரோல்ஸோடும் ஒரு மாம்பழ மஞ்சள் பட்டுச்சேலையோடும் பத்மாவதி உள்ளே வந்தபோது, அவள் நான்காவது பக்கத்தைக் கூடத் தாண்டியிருக்கவில்லை.

“இதை உடு பிள்ளை.”

“எனக்கு நேரமில்லை அம்மா. இந்தக் கறுப்புக் காற்சட்டையே போதும்.”

“மேடையில நிக்கிறனி. சனம் பாக்கும்.”

“சனம் படத்தைப் பாக்கட்டும்.”

“ஒரு நாளைக்கு நான் சொல்லுறதைக் கேட்டால் என்ன குறைஞ்சு போவாய்?”

சேலையை நாற்காலியில் வைத்துவிட்டுப் பத்மாவதி வேகமாகக் கிச்சன் பக்கம் போனாள். அந்த வேகத்தில் என்னவோ இருந்தது. யோசிக்கக் கம்சாயினிக்கு நேரமில்லை.

இரண்டு மணி பத்துக்கு மேடைக்குக் கீழே ஒரு குரல்.

“டிஸ்டர்ப் பண்ணுறனோ?”

நிமிர்ந்தாள். போட்டோவில் பார்த்த முகம். போட்டோவில் இல்லாத கண்ணாடி.

“நான் அனுஷன். அம்மாவை ஹோட்டலில விட்டிட்டு முன்னுக்கே வந்திட்டன். நீங்க ஓம் சொன்ன பிறகும் ஒரு நாளும் கதைக்கேல்லை. அதான், ஷோவுக்கு முந்தி ஒரு ஹலோ சொல்லலாமெண்டு…”

“நான் என்ன சொன்னனான்?”

“ஓம் எண்டு.”

“எப்ப?”

அவன் முகத்தில் இருந்த சிரிப்பு மெல்ல இறங்கியது. “வியாழக்கிழமை. உங்கட அம்மா எடுத்துச் சொன்னவா.”

“அது அம்மாட ஓம்.”

அனுஷன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தான். திரும்பப் போட்டுக்கொண்டான்.

“அப்ப நான் ஓம் சொன்னது உங்கட அம்மாவுக்கோ?”

சிரிப்பு வந்துவிட்டது. அது வந்ததில் கம்சாயினிக்குக் கோபமும் வந்தது. “பகிடி விடாதேங்கோ! ஒரு பெட்டையிட்டக் கேக்காமல் பெட்டி தூக்கிக்கொண்டு வருவியளோ?”

“கேட்டாச்செண்டுதான் வந்தனான்! நீங்களும் மூண்டு கிழமையா என்ர நம்பரை வச்சிருந்தனீங்கள்தானே? ஒரு மெசேஜ் போட்டிருக்கலாமெல்லோ?”

“நீங்கள் போட்டிருக்கலாமெல்லோ?”

“பயமாயிருந்தது.”

சட்டென்று சண்டை நின்றது. தனக்கும் அதுதான் என்று அவள் சொல்லவில்லை.

“நான் போகட்டோ?” என்றான்.

“போங்கோ.” அவன் திரும்பினான். “நில்லுங்கோ. லைட் போட வாறதெண்ட ஆள் இன்னும் வரேல்லை. அந்த சுவிச் போர்டைப் பாப்பியளோ?”

“நான் எலக்ட்ரிகல் எஞ்சினியர்.”

“தெரியும். பயோடேட்டாவில இருந்தது.”

இரண்டு நாற்பது. ஹால் நிரம்பிக்கொண்டிருந்தது. வாசலில் டிக்கெட் பார்த்துக்கொண்டிருந்த அப்பா சபாரத்தினம், பச்சைப் பட்டுக்கு மட்டும் எழுந்து நின்று வழிவிட்டார். அவருக்கும் தெரிந்திருக்கிறது!

கம்சாயினி கிச்சனுக்குள் நுழைந்து கதவைச் சாத்தினாள்.

“அம்மா, ஆரைக் கேட்டு ஓம் சொன்னனீங்கள்?”

ரோல்ஸ் அடுக்கிக்கொண்டிருந்த கை நிற்கவில்லை. “உன்னைத்தான் கேட்டனான். நீ ஒண்டும் சொல்லேல்லை.”

“ஒண்டும் சொல்லாட்டி ஓமோ?”

“பின்ன? வேண்டாமெண்டால் நீ கத்துவாய். கார் மாத்தேக்கை கத்தினனி. சோபாவுக்கும் கத்தினனி. வீட்டுக்கு நீலப் பெயின்ட் அடிக்கப் போறமெண்டு சொல்ல ரெண்டு நாள் சாப்பிடேல்லை. இதுக்கு மட்டும் பேசாமல் இருந்தாய். நான் என்ன நினைக்க?”

நாற்பது நாளாக ஒரு வெள்ளை உடுப்பைப் பார்த்துவிட்டு, பேசாத பெண்ணொருத்தியின் புருஷனைக் கொன்று, அவளை மூலையில் உட்காரவைத்தவள் கம்சாயினியும்தான்.

“நாளைக்கு விடிய அவைக்கு ஃப்ளைட். இண்டைக்குப் பின்னேரமே மோதிரம் போட்டிட்டுப் போகினமாம்” என்றாள் பத்மாவதி. இந்த முறை குரல் கொஞ்சம் இறங்கியிருந்தது. “சபையில என்ர மானத்தை வாங்கிப்போடாதை கம்சா.”

வெளியே அன்னம்மாவின் கீபோர்டு ஆரம்பித்துவிட்டது.

லைட் அணைந்தது. அனுஷன் அணைத்த லைட்.

கறுப்புக் காற்சட்டையோடு கம்சாயினி திரைக்குப் பக்கத்தில் போய் நின்றாள். கையில் நான்கே பக்கம். மைக்கை வாய்க்கு நேரே பிடித்தாள்.

முதல் பாகம். ஒரு நாடகக் கொட்டகை. ஒரு பக்கத்து இருக்கைத் தடுப்பில் பெண் வீடு, எதிர்ப் பக்கத்துத் தடுப்பில் மாப்பிள்ளை வீடு. அந்தக் காலத்து ஜப்பானில் இப்படியும் பெண் பார்த்தார்கள். நாடகத்தை யாரும் பார்க்கவில்லை. மாப்பிள்ளையின் தாய் விசிறிக்கு மேலால் ஃபூமியை அளக்கிறாள். ஃபூமியின் தாய் மகளின் கையை இழுக்கிறாள்.

கம்சாயினி தாளைப் பார்க்கவில்லை. வாயில் வந்தது அம்மாவின் குரல்.

“தலையைக் குனி பிள்ளை! ஒரு நாளைக்கு நான் சொல்லுறதைக் கேட்டால் என்ன குறைஞ்சு போவாய்?”

ஹால் வெடித்துச் சிரித்தது. மூன்றாவது வரிசையில் பத்மாவதி மட்டும் சிலையானாள். அவளுக்குப் பக்கத்தில் சுந்தரி கண்ணில் நீர் வரச் சிரித்தாள், திரையில் விசிறி இறங்கி மாப்பிள்ளையின் தாய் பேசும்வரைக்கும்.

“பிள்ளைக்கு நாங்கள் வந்தது தெரியுமெல்லோ?” என்றாள் அந்தத் தாய், தமிழில்.

கம்சாயினி அதைத் தற்செயலாகத்தான் சொன்னாள். சுந்தரியின் சிரிப்பு பாதியில் நின்றது. அவள் மெல்லத் திரும்பிப் பத்மாவதியைப் பார்த்தாள்.

இரண்டாம் பாகம். தாயும் தரகரும் கதைக்கிறார்கள். கதவுக்குப் பின்னால் ஃபூமி நின்று கேட்கிறாள்.

“பிள்ளை என்ன சொல்லுறாள்?” தரகருக்குக் கரகரத்த குரல்.

“அவள் ஒண்டும் சொல்லேல்லை. அப்ப ஓம்தானே!”

இந்த முறை பெண்கள் பக்கத்திலிருந்து கைதட்டல். பின் வரிசையில் யாரோ விசிலே அடித்தார்கள்.

மூன்றாம் பாகம். இடம் மாறி வந்த வெள்ளை.

ஹால் அடங்கியது. முன் வரிசையில் ஒரு அம்மாள் உச்சுக் கொட்டினாள். “ஐயோ பாவம், புருசன் செத்திட்டான் போல.” அந்த வார்த்தை வரிசை வரிசையாகப் பின்னால் போவது கேட்டது. கம்சாயினி பத்து விநாடி விட்டாள்.

“பொறுங்கோ! ஒருத்தரும் சாகேல்லை. நானும் உங்களை மாதிரித்தான் நினைச்சனான், இண்டைக்கு மத்தியானம் வரைக்கும். அந்த ஊரில இது கலியாணப் பொம்பிளை.”

ஒரு பெருமூச்சு. பிறகு சிரிப்பு. பிறகு நூற்று எண்பது பேரும் ஒரு அடி முன்னால் சாய்ந்தார்கள்.

ரிக்ஷா நகர்ந்தது. படம் அரித்துப்போன இடத்தில் திரை வெளுத்தது. அன்னம்மா ஒற்றைச் சுரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றாள். நான்காம் பாகம் விழுந்தது.

ஃபூமி ஓடினாள்!

அன்னம்மாவின் பத்து விரலும் ஓடின. கம்சாயினிக்குப் பேச்சே தேவைப்படவில்லை. “கழுத்தைப் பாருங்கோ, வெள்ளை தெரியுது!” என்று மட்டும் கத்தினாள். ஹால் கைதட்டித் தாளம் போட்டது. பாலம். மழை. ரயில் நிலையம். தூரத்தில் புகை. ரயில் நடைமேடையில் ஏறி, மூச்சு வாங்க நின்று, ஃபூமி நேராகப் பார்த்தாள். சிரித்தாள். உதடு அசைந்தது. நாலைந்து வார்த்தை இருக்கும்.

எல்லோரும் கம்சாயினியின் வாயைப் பார்த்தார்கள்.

“இதில ஃபூமி என்னவோ சொல்லுறாள்,” என்றாள் அவள். “என்னெண்டு எனக்குத் தெரியாது. தெரியாததை நான் சொல்லமாட்டன்.”

லைட் வந்தது. ஹால் எழுந்து நின்றது.

வாசல் கூடத்தில் ரோல்ஸ் பறந்துகொண்டிருந்தது. கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்த சுந்தரி, ஹாண்ட்பாக்கைத் திறந்து ஒரு சின்னச் சிவப்புப் பெட்டியை எடுத்தாள்.

“பத்மாவதி, சுத்தி வளைக்காமல் கேக்கிறன். பிள்ளைக்குச் சம்மதமோ, இல்லையோ?”

அனுஷன் அம்மாவுக்குப் பின்னால் வந்து நின்றான். அன்னம்மா கையிலிருந்த ரோல்ஸைக் கடிக்க மறந்தாள்.

பத்மாவதியின் வாய் திறந்தது. அந்த ‘ஓம்’ நாக்கு நுனி வரைக்கும் வந்தது. சபை பார்த்துக்கொண்டிருந்தது. மகள் ஒன்றும் சொல்லாமல் நின்றாள்.

பத்மாவதி வாயை மூடிக்கொண்டாள். பிறகு, பல்லைப் பிடுங்கக் கொடுப்பவள் மாதிரி, “அவளைக் கேளுங்கோ” என்றாள்.

கம்சாயினி அம்மாவைப் பார்த்தாள். இருபத்தெட்டு வருடத்தில் இப்படி ஒரு வாக்கியம் அந்த வாயிலிருந்து வந்ததில்லை.

“மோதிரம் வேண்டாம் ஆன்ட்டி,” என்றாள் சுந்தரியிடம். “வேண்டாமெண்டும் சொல்லேல்லை, ஓமெண்டும் சொல்லேல்லை. உங்கட மகனோட நான் பத்து நிமிசம்தான் கதைச்சனான். அதில ஏழு நிமிசம் சண்டை.”

“மிச்சம் மூண்டு நிமிசம்?” என்றாள் சுந்தரி.

“அது பரவாயில்லை.”

அனுஷனின் காது சிவந்தது. “நாளைக்கு ஒரு கோப்பி குடிக்கலாமோ?” என்று கம்சாயினியிடம் நேராகக் கேட்டான்.

“குடிக்கலாம்.” இந்த ‘ஓம்’ அவளுடையது. சின்னதுதான். ஆனாலும் சொல்லும்போது காற்றில் தூக்கின மாதிரி இருந்தது.

“விடிய ஆறு மணிக்கு ஃப்ளைட்” என்றாள் சுந்தரி.

“என்ர டிக்கெட்டை மாத்துறன் அம்மா. ஒரு கிழமைக்கு. நீங்கள் போங்கோ.”

சுந்தரி மகனைப் பார்த்தாள். கம்சாயினியின் கறுப்புக் காற்சட்டையைப் பார்த்தாள். சிவப்புப் பெட்டியை ஹாண்ட்பாக்குக்குள் போட்டு, ஜிப்பை ஒரே இழுப்பில் மூடினாள். பிறகு பக்கத்தில் கிடந்த நாற்காலியை இழுத்து, சாவகாசமாக உட்கார்ந்தாள்.

“அப்ப நானும் போகேல்லை. ஹோட்டல் எனக்குச் சரிவராது.” ஒரு ரோல்ஸை எடுத்துக் கடித்தாள். “பத்மாவதி, உங்கட வீட்டில ஒரு அறை சும்மாதானே கிடக்குது?”

பத்மாவதி ஒன்றும் சொல்லவில்லை.

“அப்ப ஓம்தானே!” என்றாள் சுந்தரி.